ஊராட்சித் தேர்தலில் பூத் பந்தோபஸ்து: முதல்முறை போகிற காவலருக்கு

என் அக்கா மகன் இரண்டாம் நிலைக் காவலர். 2024 நாடாளுமன்றத் தேர்தலில் ஒரு நாள் பூத் டியூட்டி பார்த்திருக்கிறான். போன வாரம் வீட்டுக்கு வந்தவன், "உள்ளாட்சித் தேர்தல் என்றாலும் அதே மாதிரி வாசலில் நிற்பதுதானே மாமா?" என்றான். அவனுக்குச் சொன்னதைத்தான் இங்கே எழுதுகிறேன். அவனைப் போலப் பல தம்பிகள் இருப்பார்கள். தமிழ்நாட்டில் 2011-க்குப் பிறகு 2016-ல் நடக்க வேண்டிய உள்ளாட்சித் தேர்தலை உயர் நீதிமன்றம் ரத்து செய்தது. கிராமங்களில் அது 2019 டிசம்பரில்தான் நடந்தது, அதுவும் 27 மாவட்டங்களில் மட்டும். மீதி ஒன்பது மாவட்டங்களுக்கு 2021 அக்டோபர். அந்த 27 மாவட்ட ஊராட்சிகளின் பதவிக்காலம் 2025 ஜனவரியிலேயே முடிந்தது. இப்படி இடைவெளி விட்டு நடப்பதால், வாக்குச்சீட்டையும் இரும்புப் பெட்டியையும் கண்ணால் பார்க்காத காவலர்கள் நிறையச் சேர்ந்துவிட்டார்கள்.

நான் 1988-ல் ஆயுதப்படையில் சேர்ந்தவன். 1996, 2001, 2006, 2011, 2019 என்று ஐந்து உள்ளாட்சித் தேர்தல்களில் நின்றிருக்கிறேன். சிறப்பு உதவி ஆய்வாளராக ஓய்வு பெற்றேன்.

முதலில் ஒன்றை மனத்தில் வைத்துக்கொள்ளுங்கள். சட்டமன்றத் தேர்தலில் ஓட்டு சின்னத்துக்கு விழும். ஊராட்சித் தேர்தலில் பங்காளிக்கு விழும், அல்லது பங்காளிக்கு எதிராக விழும். தலைவர், வார்டு உறுப்பினர் பதவிகளுக்குக் கட்சியே கிடையாது. பூட்டு சாவி, ஆட்டோ ரிக்ஷா என்று சுயேச்சைச் சின்னங்கள்தான். ஒரு வார்டில் சில நூறு ஓட்டு இருக்கும். நாலு ஓட்டில் தோற்றவன் அந்த நாலு பேர் யாரென்று அன்று இரவே திண்ணையில் கணக்குப் போட்டுவிடுவான். சம ஓட்டு வந்து குலுக்கல் போட்ட இடங்களும் உண்டு. ஆகவே நீங்கள் காவல் காக்கப்போவது வெளியிலிருந்து வருகிற ரவுடியிடமிருந்து அல்ல. ஒரே கிணற்றில் தண்ணீர் எடுக்கிற இரண்டு வீட்டுக்காரர்களுக்கு நடுவில் நிற்கப்போகிறீர்கள்.

ஸ்டேஷன் அளவில் நடக்கிற முன்வேலையை விரிவாகச் சொல்லப்போவதில்லை. உரிமம் பெற்ற துப்பாக்கிகளைத் திரும்ப வாங்குவது, பழைய வழக்குள்ள ஆட்களைக் கோட்டாட்சியர் முன் நிறுத்திப் பிணைப்பத்திரம் எழுதி வாங்குவது எல்லாம் இன்ஸ்பெக்டர் பார்த்துக்கொள்வார். அதற்கான சட்டப் பிரிவுகளை நாங்கள் 107, 110 என்று சொல்லிப் பழகியது இப்போது புதிய சட்டத்தில் 126, 129. உங்கள் பங்கு காதைத் திறந்து வைத்திருப்பது மட்டும்தான். கோயில் மண்டபத்தில் தலைவர் பதவியை ஏலம் விடப் பேசுகிறார்கள் என்று டீக்கடையில் காதில் விழுந்தால், அன்றே மேலே சொல்லிவிடுங்கள்.

முந்தின நாள்

பாஸ்போர்ட் (எந்த ஊரில் டியூட்டி என்று எழுதித் தருகிற உத்தரவுச் சீட்டை நாங்கள் அப்படித்தான் சொல்வோம்) கையில் கிடைத்ததும் ஊர்ப் பெயரைப் பாருங்கள். வழக்கமாகச் சொந்த ஊருக்குப் போட மாட்டார்கள். ஆனால் மனைவியின் ஊர், சித்தப்பா மகளைக் கட்டிக்கொடுத்த ஊர் என்று எதுவும் டியூட்டி எழுதுகிற ஸ்டேஷன் ரைட்டருக்குத் தெரியாது. சொந்தக்காரர் யாராவது போட்டியிட்டால் ரோல் காலிலேயே (ஆஜர் எடுக்கும்போதே) சொல்லி மாற்றிக்கொள்ளுங்கள். வெட்கப்பட வேண்டியதில்லை, பிறகு வருகிற புகார்தான் வெட்கம்.

பையில் இரண்டாவது செட் காக்கி, டார்ச், இரண்டு தண்ணீர் பாட்டில், விசில், மழைக்கோட்டு வையுங்கள். அக்டோபர் முதல் டிசம்பர் வரை நம் ஊர்த் தேர்தல் மழையோடுதான் நடக்கும். இருபது மீட்டர் நைலான் கயிறும் எடுத்துக்கொள்ளுங்கள். அதை யாரும் கொடுக்க மாட்டார்கள், நீங்களே வாங்க வேண்டும். அந்தக் கயிற்றின் அருமை மறுநாள் பதினோரு மணிக்குத் தெரியும்.

தேர்தல் அலுவலர்களும் பெட்டிகளும் வருவதற்கு முன்பே ஊரை ஒரு முறை நடந்து பாருங்கள். சீருடையிலேயே, அவசரம் இல்லாமல். பள்ளிக்கூடத்துக்குப் பின்சுவர் இருக்கிறதா, இடிந்திருக்கிறதா? பின்பக்க ஜன்னலுக்குக் கதவு உண்டா? எந்தத் தெரு யாருடையது, இரண்டு தெருக்காரர்களும் பூத்துக்கு வருகிற பாதை எங்கே சேர்கிறது? பாதை சேர்கிற அந்த முக்குதான் மறுநாள் கூட்டம் கூடி நிற்கிற இடம். மொபைல் பார்ட்டி (வண்டியில் பூத் பூத்தாகச் சுற்றி வருகிற போலீஸ் குழு) வந்தால் வண்டியை அங்கே கொஞ்ச நேரம் நிறுத்தச் சொல்லுங்கள்.

பிறகு நான்கு பேருடைய போன் நம்பரை ஒரு தாளில் எழுதிச் சட்டைப் பையில் வையுங்கள்: மண்டல அலுவலர், மொபைல் பார்ட்டி எஸ்.ஐ., கிராம நிர்வாக அலுவலர், லைன்மேன். போனில் பதிந்தால் போதாதா என்று கேட்பீர்கள். மாலை ஆறு மணிக்குப் போனில் சார்ஜ் இருக்காது. இந்த நான்கு பேரில் லைன்மேன்தான் முக்கியம் என்பது என் கருத்து. பதற்றமான சாவடி என்றால் கேமரா, வீடியோகிராபர், நுண் பார்வையாளர் எல்லாம் வருவார்கள். ஆனால் விளக்கு அணைந்தால் அத்தனையும் வீண்.

வாக்குச்சாவடித் தலைமை அலுவலர் பெரும்பாலும் ஆசிரியராக இருப்பார். பாதிப் பேருக்கு உங்களைவிடப் பதற்றம் அதிகம். வணக்கம் சொல்லி, "நான் இங்கேதான் இருக்கிறேன் சார், கூப்பிட்டால் வருகிறேன்" என்று ஒரு வார்த்தை சொல்லுங்கள். ஓட்டுப் போடுகிறவர் ஜன்னலுக்கு முதுகு காட்டி நிற்கும்படி மறைவு அட்டையை வைத்துவிடாமல் பார்த்துக்கொள்ளுங்கள். இப்படி வைத்தால் நல்லது என்று சொல்லலாம், மேசையை நீங்களே தூக்கி மாற்றக் கூடாது. அறைக்குள் அவர்தான் அதிகாரி.

மோர்

2006-ல், மதுரைப் பக்கம் ஒரு சின்ன ஊராட்சி. அன்று வெயில். பகல் பன்னிரண்டரை மணிக்கு ஒரு வேட்பாளரின் மைத்துனர் தூக்குவாளியில் மோர் கொண்டுவந்தார். அலுவலர்கள் யாரும் வாங்கவில்லை. எனக்கு நாக்கு வறண்டிருந்தது. ஒரு டம்ளர் குடித்துவிட்டேன். கறிவேப்பிலை, இஞ்சி தட்டிப் போட்ட நல்ல மோர்.

மூன்று மணிக்கு வரிசையில் குறுக்கே நுழைந்த ஒருவரைப் பின்னால் போகச் சொன்னேன். அவர் எதிர்த் தரப்பு. போகவில்லை. பின்னாலிருந்து ஒரு அம்மா, "அவர் அவங்க வீட்டு மோர் குடித்தவர், அவர் சொன்னால் நாம் கேட்க வேண்டுமா?" என்றார். அவ்வளவுதான். கயிற்றை யாரோ இழுத்தார்கள், இரண்டு பேர் விழுந்தார்கள், தலைமை அலுவலர் கதவைச் சாத்தினார். இருபது நிமிடம் ஓட்டுப்பதிவு நின்றது. மொபைல் பார்ட்டி வந்த பிறகுதான் வரிசை சேர்ந்தது. அன்று யாரும் அடிபடவில்லை. ஆனால் மாலை வரை நான் சொன்ன ஒரு சொல்லுக்கும் அங்கே மதிப்பில்லை. கையில் லத்தி இருந்தும் வெறும் ஆளாக நின்றேன்.

பிரியாணிப் பொட்டலத்தை வேண்டாம் என்று சொல்ல எல்லோருக்கும் தெரியும். மோர், வெற்றிலை, உட்கார நாற்காலி, போன் சார்ஜ் போட ஒரு வீடு, இவைதான் ஆளைக் கவிழ்க்கும். சாப்பாடு ஏற்பாடு தாமதமாகும் என்று வைத்துக்கொண்டு பிஸ்கெட்டும் வாழைப்பழமும் கையோடு கொண்டுபோங்கள். அந்த ஊரில் ஒரு வீட்டுப் படியும் ஏறாதீர்கள். கழிப்பறைக்குப் பள்ளியுடையது போதும். பூட்டியிருந்தால் சாவி யாரிடம் என்று முந்தின நாளே கேட்டு வையுங்கள். பெண் காவலர்களுக்கு இதைச் சொல்லித் தர வேண்டியதில்லை. அவர்கள் ஊருக்குள் வந்ததும் முதலில் விசாரிப்பதே அதைத்தான்.

வரிசை

கிராமத் தேர்தலில் ஒருவருக்கு நான்கு ஓட்டு. வார்டு உறுப்பினருக்கு வெள்ளைச் சீட்டு (இரண்டு வார்டுக்கு ஒரே பூத் என்றால் இன்னொரு வார்டுக்கு நீலம்), தலைவருக்கு இளஞ்சிவப்பு, ஒன்றிய உறுப்பினருக்குப் பச்சை, மாவட்ட உறுப்பினருக்கு மஞ்சள். நான்கையும் வாங்கி, ஒவ்வொன்றிலும் முத்திரை குத்தி, மை ஒட்டாமல் மடித்துப் பெட்டியில் போட வேண்டும். இயந்திரத்தில் ஒரு பொத்தானை அமுக்குவது போல இது ஆகாது. வயதானவர்கள் மறைவுக்குள் போய் நான்கு நிமிடம், ஐந்து நிமிடம் நிற்பார்கள். வரிசை நகராது. நகராத வரிசையில் பேச்சு வளரும், பேச்சில் பழைய வரப்புத் தகராறு வரும்.

அதனால்தான் கயிறு. ஏழு மணிக்கு முன்பே ஆண், பெண் வரிசைகளுக்கு நடுவே கட்டிவிடுங்கள். வரிசையை வெயிலில் நேராக விடாமல் மரத்தடிக்கோ வராந்தாவுக்கோ வளைத்து விடுங்கள். நிழலில் நிற்பவன் சண்டைக்குப் போவது குறைவு. ஒரு ஆணை உள்ளே விட்டால் இரண்டு பெண்களை விடுவேன். கைக்குழந்தைக்காரர், கர்ப்பிணி, கோல் ஊன்றி வருபவர் யாரும் வரிசையில் நிற்க வேண்டாம். அவர்களை முன்னால் அனுப்பும்போது, "பாட்டியை முன்னால் விடலாமா?" என்று வரிசையைப் பார்த்துக் கேட்டுவிட்டு விடுங்கள். எல்லோரும் "விடுங்க" என்பார்கள். கேட்காமல் விட்டால் அந்தப் பாட்டி எந்த வீட்டுப் பாட்டி என்று பார்ப்பார்கள்.

நீங்கள் நிற்க வேண்டியது வாசலில் அல்ல, வாசலிலிருந்து ஏழெட்டு அடி தள்ளி, பக்கவாட்டில். வாசலையும் வரிசையின் வாலையும் தலையைத் திருப்பினால் பார்க்க முடிய வேண்டும். கதவை அடைத்துக்கொண்டு நிற்கிற காவலருக்கு உள்ளேயும் தெரியாது, வெளியேயும் தெரியாது.

தலைமை அலுவலர் கூப்பிடாமல் அறைக்குள் கால் வைக்காதீர்கள். வாக்காளர், அவர் கைக்குழந்தை, பார்வையற்றவருக்குத் துணையாக வருபவர், வேட்பாளர், பாஸ் உள்ள ஏஜெண்டு, பார்வையாளர், அலுவலர்கள் தவிர வேறு யாருக்கும் உள்ளே வேலையில்லை. இங்கே ஒரு புது வம்பு உண்டு. பெண்களுக்கு 50 சதவீத இட ஒதுக்கீடு வந்த பிறகு, வேட்பாளர் மனைவி. ஆனால் உள்ளே போக நிற்பவர் கணவர். "நான்தான் தலைவர் வேட்பாளர்" என்று ஒருவர் என்னிடமே வாய் தவறிச் சொன்னார். பாஸைக் கேளுங்கள். இல்லையென்றால், "அம்மாவை வரச் சொல்லுங்கள் ஐயா" என்று மரியாதையாகச் சொல்லுங்கள். இந்த இடத்தில் கேலி வேண்டாம். கேலி செய்தால் அது ஊர் முழுக்கப் போய்விடும்.

நூறு மீட்டருக்குள் யாரும் ஓட்டுக் கேட்கக் கூடாது. சுண்ணாம்புக் கோடு போட்டிருப்பார்கள். மழை பெய்தால் அழிந்துவிடும், அப்போது ஒரு கல்லையோ மரத்தையோ அடையாளம் சொல்லிவிடுங்கள். கோட்டுக்குள் நின்று பேசுகிறவரிடம் சத்தம் போடாமல் பக்கத்தில் போய் நில்லுங்கள். போலீஸ் பக்கத்தில் நிற்கும்போது யாருக்கும் பேச்சு வராது.

உள்ளே செல்போன் கூடாது. காசு கொடுத்தவனுக்குக் காட்ட, முத்திரை குத்திய சீட்டைப் படம் எடுப்பார்கள். ஆனால் போன்களை நீங்கள் வாங்கி வைக்காதீர்கள். 2019-ல் ஊர்க்காவல் படைத் தம்பி ஒருவர் நல்ல மனத்தோடு வாங்க ஆரம்பித்து, ஒரு மணி நேரத்தில் இரண்டு கை, மடி, தொப்பி எல்லாம் போனாக, மணியடிக்கிற போன் யாருடையது என்று தேடிக்கொண்டு நின்றார். வரிசையில் பின்னால் நிற்கிற சொந்தக்காரரிடம் கொடுக்கச் சொன்னால் போதும்.

வாக்குச்சீட்டுத் தேர்தலுக்கே உரிய ஒரு திருட்டு உண்டு. முதலில் போகிறவன் சீட்டைப் பெட்டியில் போடாமல் மடித்து வெளியே கொண்டுவந்துவிடுவான். வெளியே இருப்பவன் அதில் முத்திரை குத்தி அடுத்தவனிடம் கொடுப்பான். அவன் அதைப் பெட்டியில் போட்டுவிட்டு, தனக்குக் கிடைத்த வெற்றுச் சீட்டோடு திரும்புவான். இப்படிச் சங்கிலி போல ஓடும். வெளியே நிற்கிற உங்களுக்கு இதில் தெரிவது ஒன்றுதான்: ஓட்டுப் போட்டுவிட்டு வருபவன் வீட்டுக்குப் போகாமல் ஒரே ஆளிடம் போய் நிற்பான், அடுத்து வருபவனும் அவனிடமே போவான். கண்டால் யாருடைய மடியையும் தடவாதீர்கள். தலைமை அலுவலரிடம் சொல்லுங்கள். பெட்டியில் விழுகிற சீட்டை அவர் கவனிப்பார். அந்த ஆளை மொபைல் பார்ட்டி விசாரித்துக்கொள்ளும்.

கைகலப்பு வந்தால் முதலில் கதவு, பிறகுதான் கூட்டம். கதவைச் சாத்தச் சொல்லிவிட்டு, பெட்டிக்கும் ஆட்களுக்கும் நடுவில் நின்று வயர்லெஸ் மைக்கில் தகவல் சொல்லுங்கள். பெட்டியில் மை ஊற்றவும் பெட்டியைத் தூக்கிக்கொண்டு ஓடவும் அரை நிமிடம் போதும். லத்தியைத் தூக்காதீர்கள், தனி ஆள் தூக்கிய லத்தி அடுத்த நொடி கூட்டத்தின் கையில் இருக்கும். ஓட்டுப்பதிவை நிறுத்துவதா தொடர்வதா என்பது தலைமை அலுவலர் எடுக்க வேண்டிய முடிவு. மறு வாக்குப்பதிவு வேண்டுமா என்பது மாநிலத் தேர்தல் ஆணையத்தின் கையில். உங்கள் குறிப்பேட்டில் நேரத்தையும் நடந்ததையும் மட்டும் எழுதுங்கள்.

ஐந்து மணி

2019-ல் காலை ஏழு முதல் மாலை ஐந்து வரை ஓட்டுப்பதிவு. ஐந்து மணிக்கு வரிசையில் நிற்கிற எல்லோருக்கும் ஓட்டு உண்டு. தலைமை அலுவலர் கையெழுத்துப் போட்ட டோக்கன் கொடுப்பார். டோக்கனைக் கடைசி ஆளிடமிருந்து ஆரம்பித்து முன்னோக்கிக் கொடுக்க வேண்டும். முன்னாலிருந்து கொடுத்தால் வால் வளர்ந்துகொண்டே இருக்கும். நாலு ஐம்பத்தைந்துக்கே போய்க் கடைசி ஆளுக்குப் பின்னால் நில்லுங்கள். அன்று வரிசையின் முடிவு நீங்கள்தான்.

எங்கள் பூத்தில் அன்று அறுபத்து மூன்று டோக்கன். ஐந்து மணி கடந்து இரண்டு நிமிடத்தில் ஒரு பெண் செங்கல் சூளையிலிருந்து ஓடி வந்தார். புடவை முழுக்கச் செம்மண், கையில் வாக்காளர் அட்டை. "முதலாளி இப்போதுதான் விட்டார்" என்றார். வரிசையில் இருந்த இரண்டு தரப்பும் என்னைப் பார்த்தது. "டோக்கன் முடிந்துவிட்டது அம்மா" என்றேன். அவர் சண்டை போடவில்லை. திண்ணையில் உட்கார்ந்து மூச்சு வாங்கினார். என் பாட்டிலிலிருந்து தண்ணீர் கொடுத்தேன். அவரை விட்டிருந்தால் அடுத்த நிமிடம் வருகிற பத்துப் பேரை எந்த முகத்தோடு தடுப்பேன்?

டிசம்பரில் ஆறு மணிக்கு இருட்டிவிடும். கடைசி ஓட்டு விழ ஏழே கால் ஆனது. லைன்மேன் நம்பர் இந்த நேரத்துக்குத்தான்.

பெட்டி

ஏஜெண்டுகள் கண்முன்னே பெட்டிக்கு அரக்கு முத்திரை வைப்பார்கள். அவர்கள் கையெழுத்துப் போட்டு முடிக்கும் வரை யாரையும் அவசரப்படுத்தாதீர்கள், வண்டி வந்து ஹாரன் அடித்தாலும். பெட்டிகளோடு வண்டியின் பின்னால் ஏறி உட்காருங்கள். டிரைவர் பக்கத்து இருக்கை உங்களுக்கு அல்ல. ஏஜெண்டுகள் பைக்கில் பின்தொடர்வார்கள். தொடரட்டும், விரட்டாதீர்கள். பெட்டி கண்ணில் படுகிற வரை அவர்களும் அமைதியாக வருவார்கள். வழியில் டீக்கு நிறுத்தக் கூடாது. வாக்கு எண்ணும் மையத்தில் வரிசை நீளமாக இருக்கும். தலைமை அலுவலர் கையில் ஒப்புகைச் சீட்டு வரும் வரை உங்கள் டியூட்டி முடியவில்லை. 2019 டிசம்பர் 30-ன் டியூட்டிக்கு என் குறிப்பேட்டில் கடைசியாக இருக்கிற நேரம், 31-ம் தேதி அதிகாலை 1.40.

அதற்குப் பிறகு

பூத் டியூட்டிக்காரருக்கு அதோடு விடுதலை. ஸ்டேஷன்காரருக்கு அப்போதுதான் ஆரம்பம். மதுரை மாவட்டத்து மேலவளவு எங்கள் காலத்துக் காவலர்களுக்கு மறக்காத பெயர். பட்டியல் சாதியினருக்கு ஒதுக்கிய ஊராட்சி. 1996-ல் மிரட்டலால் வேட்பாளர்கள் மனுக்களைத் திரும்பப் பெற்றார்கள். பிறகு நடந்த ஓட்டுப்பதிவில் ஒதுக்கீட்டை எதிர்த்தவர்கள் பெட்டியைத் தூக்கிக்கொண்டு போனார்கள். கடைசியில் பலத்த போலீஸ் பாதுகாப்போடு தேர்தல் நடந்து முருகேசன் தலைவரானார். ஓட்டுப்பதிவு நாளில் காவல் ஜெயித்தது என்றுதான் எல்லோரும் நினைத்தோம். 1997 ஜூன் 30 அன்று பஸ்ஸில் போய்க்கொண்டிருந்த அவரையும் இன்னும் ஐந்து பேரையும் வெட்டிக் கொன்றார்கள். இதே போல ஒதுக்கிய பாப்பாபட்டி, கீரிப்பட்டி, நாட்டார்மங்கலம், கொட்டக்காச்சியேந்தல் ஊராட்சிகளில் எதிர்ப்பால் 2006 வரை பத்து ஆண்டுகள் முறையான தலைவரே அமையவில்லை.

ஆகவே வாக்கு எண்ணிக்கை முடிந்த அன்று ஜெயித்தவர் ஊர்வலம் தோற்றவர் தெரு வழியாகப் போகாமல் பாதையை முன்பே பேசி முடியுங்கள். அந்தத் தெருவில் வெடி கூடாது. ஒதுக்கீட்டில் ஜெயித்த தலைவரின் வீட்டுப் பக்கம் இரவு ரோந்து ஒரு மாதத்தோடு நிற்கக் கூடாது என்று இன்ஸ்பெக்டரிடம் கேளுங்கள். கேட்டதைப் பொதுக் குறிப்பேட்டில் எழுதச் சொல்லுங்கள்.

ரோந்துக் கையெழுத்துக்கான பட்டா புத்தகத்தை எங்கே வைப்பது என்றும் அக்கா மகன் கேட்டான். ஜெயித்தவர் வீட்டிலும் வேண்டாம், தோற்றவர் கடையிலும் வேண்டாம். நான் பால் சொசைட்டியில் வைத்தேன். விடியற்காலை ஐந்து மணிக்கு இரண்டு தரப்புப் பெண்களும் பால் ஊற்ற அங்கேதான் வருவார்கள். யார் யாரோடு பேசுகிறார்கள், யார் தள்ளி நிற்கிறார்கள், நேற்று வந்தவர் இன்று ஏன் வரவில்லை என்பதெல்லாம் கையெழுத்துப் போடுகிற நேரத்துக்குள் தெரிந்துவிடும்.